எழுதாமல் போட்ட நகை

(பெங்களூரில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



பெண்களின் சொத்துரிமை பற்றிப் பேசுமாறு அழைத்தீர்கள். அது பெரிய தலைப்பு. அதில் ஒரு மூலையை மட்டும் இன்று எடுத்துக்கொள்கிறேன். கல்யாணத்தில் போட்ட நகையையும் கொடுத்த பணத்தையும் திரும்பக் கேட்டு ஒரு பெண் நீதிமன்றப் படியேறும்போது, "கொடுத்தோம்" என்பதை எதைக் காட்டி மெய்ப்பிக்கிறாள்? குடும்ப நல நீதிமன்றத்தில் வழக்காடும் எனக்கு, வேறு எந்தக் கேள்வியும் இந்த அளவுக்கு மனத்தை அறுத்ததில்லை.

இந்தப் பொருளைப் பேச அறக்கட்டளைச் சொற்பொழிவு மிகப் பொருத்தமான இடம். பிரசன்ன குமார் தாகூர் கல்கத்தா பல்கலைக்கழகத்தில் ஏற்படுத்திய அறக்கட்டளையின் கீழ், 1878-ஆம் ஆண்டுச் சொற்பொழிவாளராக இருந்த குருதாஸ் பானர்ஜி எடுத்துக்கொண்ட பொருள், இந்துத் திருமணச் சட்டமும், பெண்ணுக்கே உரிய சொத்தான ஸ்ரீதனமும். அந்த உரைகள் நூலாக வந்தன. வழக்கறிஞர்கள் அதை நெடுங்காலம் கையில் வைத்திருந்தார்கள். ஸ்ரீதனத்தின் எல்லையை விரித்துச் சொன்ன மிதாட்சரம் என்ற தர்மசாஸ்திர உரைநூல் பிறந்ததும் இந்தக் கர்நாடக மண்ணில்தான். அதை எழுதிய விஞ்ஞானேஸ்வரர், இன்றைய பசவகல்யாணில் இருந்து ஆண்ட சாளுக்கியரின் அவையைச் சேர்ந்தவர். 1933-இல் மைசூர் சமஸ்தானம் இந்துப் பெண்கள் உரிமைச் சட்டம் கொண்டுவந்தபோது, பெண்ணின் நகைகளும் உடைகளும், கணவரோ உறவினரோ வெளியாரோ கொடுத்த பரிசுகளும் அவளுடைய ஸ்ரீதனம் என்று எழுத்தில் வைத்தது. நம் தமிழர்கள் நிறைந்திருந்த அல்சூரும் சிவாஜிநகரும் அன்றைக்குக் கண்டோன்மென்டில், ஆங்கிலேயர் நிர்வாகத்தில் இருந்ததால், சமஸ்தானத்தின் சட்டம் அங்கே செல்லவில்லை. 1956-இன் இந்து வாரிசுரிமைச் சட்டம், 14-ஆம் பிரிவில், திருமணத்துக்கு முன்போ திருமணத்தின்போதோ பின்போ பரிசாக வந்த சொத்துக்கு அவளே முழு உரிமையாளர் என்று ஏறக்குறைய நாடு முழுவதற்கும் சொல்லிவிட்டது.

ஆக, நகை யாருடையது என்பதில் சண்டையே இல்லை. கணவர் தரப்பு வழக்கறிஞர்கூட அதை மறுப்பதில்லை. அவர் கேட்பது வேறு. "எத்தனை கிராம்? எந்தக் கடை? ரசீது எங்கே? யார் கையில் கொடுத்தாய்? அப்போது யார் இருந்தார்கள்? போகும்போது நீயே எடுத்துக்கொண்டு போகவில்லை என்பதற்கு என்ன ஆதாரம்?" இந்த ஆறு கேள்விகளில் முதல் மூன்றுக்கு அப்பா பதில் சொல்வார். அடுத்த இரண்டில் பெண் தடுமாறுவாள். ஆறாவதில் பல வழக்குகள் சாய்ந்துவிடும்.

நம் வீட்டு வழக்கத்தை நினைத்துப் பாருங்கள். மண்டப வாசலில் மேசை போட்டு இருவர் உட்காருவார்கள். ஒருவர் பணத்தை எண்ணுவார், இன்னொருவர் எழுதுவார். ஊர், பெயர், தொகை. 101 ரூபாய் வைத்தவர் பெயரும் மொய் நோட்டில் ஏறும். 20 ஆண்டு கழித்து அவர் வீட்டு விசேஷத்துக்குப் போகும்போது அந்த நோட்டைப் புரட்டிப் பார்த்துத்தான் கிளம்புவோம். கணக்கில் இவ்வளவு கறாரான சமூகம், அதே மண்டபத்தில் அதே காலையில் பெண் கழுத்தில் ஏறும் 300 கிராம் தங்கத்துக்கு ஒரு வரி எழுதுவதில்லை. பித்தளைக் குத்துவிளக்கையும் பீரோவையும் சபையில் பரப்பி வைத்துக் காட்டுவோம். காகிதத்தில் வைக்க மாட்டோம்.

எழுதச் சொல்லிச் சட்டம் இருக்கிறது. வரதட்சணைத் தடைச் சட்டத்தின் கீழ் வந்த திருமணப் பரிசுப் பட்டியல் விதிகள் 1985 அக்டோபர் 2 முதல் நடப்பில் உள்ளன. மணமகளுக்கு வந்த பரிசுகளின் பட்டியலை மணமகள் வைத்துக்கொள்ள வேண்டும். மணமகனுக்கு வந்ததை மணமகன் வைத்துக்கொள்ள வேண்டும். பொருள் என்ன, தோராய மதிப்பு என்ன, கொடுத்தவர் யார், உறவினர் என்றால் என்ன உறவு என்பதையெல்லாம் எழுதி இருவரும் கையெழுத்திட வேண்டும். திருமண நேரத்திலேயே, அல்லது அதன் பின் முடிந்தவரை விரைவில். 40 ஆண்டாகியும் இப்படி ஒரு பட்டியலோடு என்னிடம் வந்த பெண் அரிது. ஏன் எழுதவில்லை என்று கேட்டால் அம்மாக்கள் சொல்லும் பதில் ஒன்றுதான்: "நல்ல காரியம் நடக்கும்போது அதைப் போய்க் கேட்க முடியுமா? நம்ம மேல நம்பிக்கை இல்லையான்னு சம்பந்தி கேட்க மாட்டாங்களா?"

அந்தப் பதிலை நான் அலட்சியமாக எடுத்துக்கொள்வதில்லை. அந்தத் தயக்கம் உண்மையானது. மகள் வாழப்போகும் வீட்டில் முதல் நாளே கசப்பு வரக்கூடாது என்ற பயம் அது. அந்த நம்பிக்கையை நீதிமன்றங்கள் எப்படிப் பார்த்தன என்பதில்தான் ஸ்ரீதனச் சட்டத்தின் கதையே இருக்கிறது.

1985 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் லூதியானாப் பெண் ஒருவரின் வழக்கில் தீர்ப்பளித்தது. நகையும் துணியுமாகப் பெற்றோர் கொடுத்த பொருள்களைக் கணவர் வீட்டார் வைத்துக்கொண்டு தன்னை வெளியேற்றிவிட்டார்கள் என்று அவர் சொன்னார். உயர் நீதிமன்றம் புகாரை ரத்து செய்திருந்தது. நீதிபதி முர்தசா ஃபசல் அலியும் நீதிபதி சப்யசாசி முகர்ஜியும் பெரும்பான்மைத் தீர்ப்பில் அதைத் திருப்பினார்கள். மனைவி புகுந்த வீட்டில் காலடி வைத்ததாலேயே அவள் ஸ்ரீதனம் கூட்டுச் சொத்து ஆகிவிடாது. அதைக் கையில் வைத்திருப்பவர் அவளுக்காகப் பாதுகாப்பவரே. திருப்பித் தராவிட்டால் நம்பிக்கை மோசடிக் குற்றம். மூன்றாவது நீதிபதி, ஜோலார்பேட்டையைச் சேர்ந்த நம் ஏ. வரதராசன், மாறுபட்டார். கணவன் மனைவி இருவரும் புழங்கும் வீட்டில் உள்ள பொருளை "ஒப்படைத்ததாக" கொள்ளத் தனி ஏற்பாடு காட்டப்பட வேண்டும் என்பது அவர் கருத்து. 1996 டிசம்பரில் மூன்று நீதிபதிகள் அமர்வு பெரும்பான்மைக் கருத்தையே உறுதி செய்தது. ஆனால் வரதராசன் தொட்ட இடம் இன்றும் வலிக்கும் இடம். கீழ் நீதிமன்றங்களில் பெண்கள் தோற்பது பெரும்பாலும் "ஒப்படைப்பு நிரூபிக்கப்படவில்லை" என்ற ஒரு வரியில்தான்.

2024 ஏப்ரல் 24-ஆம் தேதித் தீர்ப்பை இங்கே சற்று விரிவாகச் சொல்கிறேன். கேரளத்தில் 2003-இல் நடந்த திருமணம். பெண்ணுக்கு 89 பவுன் நகை. திருமணத்துக்குப் பின் அவர் தந்தை மருமகனுக்கு 2 லட்சம் ரூபாய் காசோலையாகக் கொடுத்தார். முதல் இரவிலேயே நகை முழுவதையும் பத்திரமாக வைக்கிறேன் என்று கணவர் வாங்கி, தன் தாயிடம் கொடுத்தார் என்பது பெண்ணின் வாக்குமூலம். பிறகு அந்த நகை அவர்களுடைய பழைய கடனுக்குப் போயிற்று என்றார். கணவர் மறுத்தார். 2011-இல் குடும்ப நல நீதிமன்றம் பெண் சொன்னதை ஏற்று, நகைக்கு 8,90,000 ரூபாயும் அந்த 2 லட்சமும் தரச் சொன்னது. 2022-இல் உயர் நீதிமன்றம் நகை பற்றிய பகுதியை ரத்து செய்தது. ஒப்படைத்ததற்குப் போதிய ஆதாரம் இல்லை என்றது.

உச்ச நீதிமன்றத்தில் நீதிபதிகள் சஞ்சீவ் கன்னா, தீபங்கர் தத்தா அமர்வு, உயர் நீதிமன்றம் கேட்ட ஆதாரம் குற்ற வழக்குக்குக் கேட்கும் ஆதாரம் என்று சுட்டிக்காட்டியது. இது உரிமையியல் வழக்கு. இரண்டு கதைகளில் எது நடந்திருக்கக்கூடியது என்று எடை போட்டால் போதும்; ஐயத்துக்கு இடமின்றி நிறுவத் தேவையில்லை. புது மணப்பெண் கணவரை நம்பி நகையைக் கொடுத்தாள் என்பது நம்பமுடியாத கதை அல்ல, ஏனென்றால் திருமணமே பரஸ்பர நம்பிக்கையில் நிற்பது. இக்கட்டில் கணவர் அதைப் பயன்படுத்தலாம், ஆனால் திருப்பித் தரும் கடமை அவருக்கு உண்டு. இப்படிச் சொல்லி, நகைக்கு ஈடாக 25 லட்சம் ரூபாய் கொடுக்க உத்தரவிட்டது.

எழுதி வாங்காமல் விட்டதற்குக் காரணமாக இருந்த அதே நம்பிக்கையை, எழுத்து இல்லாததற்கு விளக்கமாக நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. 2025 ஏப்ரலில் கேரள உயர் நீதிமன்றத்தின் நீதிபதிகள் தேவன் ராமச்சந்திரன், எம்.பி. சினேகலதா அமர்வும் அதே வழியில் நடந்து, 59½ பவுனைத் திருப்பித் தரச் சொன்னது. நான்கு சுவருக்குள் கைமாறும் நகைக்குப் பெண் ரசீதும் சாட்சியும் கேட்டு வாங்க முடியாது என்பதை அந்தத் தீர்ப்பு வெளிப்படையாகவே சொன்னது.

இதைக் கேட்டுவிட்டு, இனி வாயால் சொன்னால் போதும் என்று யாரும் நினைக்க வேண்டாம். நடந்திருக்கக்கூடியது என்று காட்டவும் பொருள் வேண்டும். அந்தப் பொருள் பெரும்பாலான வீடுகளில் இருக்கிறது. தேடத்தான் வேண்டும்.

நகைக்கடை ரசீதில் தொடங்குவோம். இங்கே சிக்பேட்டையிலோ அவென்யூ ரோட்டிலோ கமர்ஷியல் ஸ்ட்ரீட்டிலோ வாங்கியிருப்பார்கள். சிலர் சேலத்திலும் கோவையிலும் வாங்கியிருப்பார்கள். ஒரே நாளில் 2 லட்சத்துக்கும் குறைவாக நாலைந்து ரசீது, ஒவ்வொன்றும் வேறு வேறு பெயரில் இருக்கும். 2 லட்சத்துக்கு மேல் போனால் பான் எண் கேட்பார்கள், அந்தத் தொகையை ரொக்கமாக வாங்கவும் தடை உண்டு என்பதால் சித்தப்பா, மாமா, அண்ணன் என்று பிரித்துப் போட்டிருப்பார்கள். வழக்கு வரும்போது இதுவே இடையூறு: "இந்த ரசீது உன் மாமா பெயரில் இருக்கிறதே, இது உன் நகை என்பதற்கு என்ன ஆதாரம்?" அந்த மாமா கூண்டில் ஏறிச் சொல்ல வேண்டும். அவர் உயிரோடு இருக்க வேண்டும், உறவு முறிந்திருக்கக் கூடாது. ஆகவே நகையை மணமகள் பெயரிலேயே, வங்கி வழியாகப் பணம் செலுத்தி வாங்குங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன். 2023 ஏப்ரல் 1 முதல் ஹெச்.யு.ஐ.டி. என்னும் ஆறு இலக்கத் தனி அடையாள எண் இல்லாமல் கடைகள் ஹால்மார்க் நகை விற்கக்கூடாது. அந்த எண்ணை ரசீதில் குறித்துக்கொள்வதும், நகையின் மேல் பொறித்திருப்பதைக் கைப்பேசியில் படம் எடுத்து வைப்பதும் சின்ன வேலை. நாளைக்கு அந்த வளையல் ஒரு அடகுக் கடையில் கிடைத்தால், அது என்னுடையது என்று காட்ட அந்த எண் உதவும்.

ரசீதே இல்லாத பாட்டி நகை, அழித்துச் செய்த நகை, தாய்மாமன் போட்டது? இங்கேதான் கல்யாண ஆல்பமும் வீடியோவும் பேசும். புகைப்படம் எடையைச் சொல்லாது. ஆனால் ஆரம் இருந்தது, ஒட்டியாணம் இருந்தது, கையில் எத்தனை ஜோடி வளையல் என்பதைச் சொல்லும். தங்கமா கவரிங்கா என்று எதிர்த்தரப்பு கேட்கும். அதற்குப் பதில் அப்பாவின் கணக்கில் இருக்கும்: கல்யாணத்துக்கு முந்தைய மாதங்களில் முறித்த வைப்புத்தொகை, எடுத்த பி.எஃப். பணம், சீட்டு எடுத்தது, நகைச் சேமிப்புத் திட்ட அட்டை. ஒவ்வொன்றும் தனியே நின்றால் மெலிந்தது. சேர்த்து வைத்தால் நீதிபதிக்கு ஒரு குடும்பம் எப்படிப் பணம் திரட்டி நகை போட்டது என்பது தெரியும்.

எல்லாவற்றிலும் வலுவானது, எதிர்த்தரப்பே உண்டாக்கிய காகிதம். கணவர் நகையை அடகு வைத்திருந்தால், வங்கியோ நகைக்கடன் நிறுவனமோ மதிப்பீட்டாளரை வைத்து ஒவ்வொரு உருப்படியையும் எடை போட்டு எழுதியிருக்கும். அதில் அவர் கையெழுத்து இருக்கும். அந்தக் கடன் பதிவேட்டை வரவழைக்க மனுப் போட்டால், ஒப்படைப்பு பற்றிய வாதம் பாதி முடிந்துவிடும். லாக்கர் பதிவேடும் அப்படியே: யார், எந்தத் தேதியில், எத்தனை மணிக்குத் திறந்தார் என்பது அதில் உண்டு. ரிசர்வ் வங்கியின் 2021 வழிகாட்டுதல்படி லாக்கர் அறைக்குப் போய்வரும் கேமராப் பதிவை வங்கி 180 நாளாவது வைத்திருக்க வேண்டும். அதற்குப் பிறகு கேட்டால் கிடைக்காமல் போகலாம். வீட்டை விட்டு வெளியேறிய பெண்ணுக்கு முதல் ஆறு மாதம் சமாதானப் பேச்சிலேயே கழிந்துவிடுகிறது. பேச்சு நடக்கட்டும். கூடவே வங்கிக்கு ஒரு கடிதம் போகட்டும்.

வாட்ஸ்அப் செய்திகளைப் பற்றிப் பல பேர் கேட்கிறார்கள். "அம்மாகிட்ட இருக்கு, லாக்கர்ல வெச்சிருக்காங்க" என்று கணவர் அனுப்பிய ஒரு வரி, பத்துச் சாட்சிகளுக்குச் சமம். அதைத் திரையில் படம் பிடித்து அச்சிட்டுக் கொடுத்தால் மட்டும் போதாது. 2020-இல் உச்ச நீதிமன்றம் மின்னணு ஆவணத்துக்குச் சான்றிதழ் கட்டாயம் என்று உறுதி செய்தது. 2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள பாரதிய சாட்சிய அதினியத்தின் 63-ஆம் பிரிவில் அதற்குப் படிவமே இருக்கிறது. குடும்ப நல நீதிமன்றச் சட்டத்தின் 14-ஆம் பிரிவு, வழக்கைத் தீர்க்க உதவும் எந்த ஆவணத்தையும் சாட்சியச் சட்டக் கெடுபிடியின்றி ஏற்க நீதிபதிக்கு அதிகாரம் தருகிறது. அந்தச் சலுகையை நம்பிச் சான்றிதழை விட்டுவிடாதீர்கள். அதே செய்தி நாளை குற்ற வழக்கிலும் தேவைப்படும். பழைய கைப்பேசியை மாற்றிவிடவும் வேண்டாம்.

இனி என் மனத்தை உறுத்தும் ஒன்று. 40 பவுன் போட்டிருப்பார்கள். மனுவில் 75 என்று எழுதுவார்கள். கேட்டதில் பாதிதான் கிடைக்கும், கூட்டிக் கேள் என்று யாரோ சொல்லிக் கொடுத்திருப்பார்கள். குறுக்கு விசாரணையில் ஒரு ஜோடி வளையல் பொய் என்று வெளிப்பட்டால், மெய்யான 40 பவுனும் அதோடு போகும். காவல் நிலையத்தில் இன்னொரு சிக்கல். கன்னடம் வாசிக்கத் தெரியாத தமிழ்ப் பெண் அழுதுகொண்டே சொல்வதை, புகாரில் "தங்க நகைகள், சுமார் 300 கிராம்" என்று ஒரே வரியில் தட்டச்சு செய்துவிடுவார்கள். ஆறு மாதம் கழித்து நீதிமன்ற மனுவில் 28 உருப்படிகள் வரும்போது, இரண்டுக்கும் உள்ள வேற்றுமையை வைத்தே அவளை மடக்குவார்கள். புகார் கொடுக்குமுன் உருப்படிவாரியாக ஒரு பட்டியல் எழுதி, அதைப் புகாரோடு இணைத்து, வாசித்துக் காட்டச் சொல்லிக் கேட்ட பிறகு கையெழுத்துப் போடுங்கள். நினைவில் இல்லாத எடையைக் கற்பனையில் நிரப்ப வேண்டாம். "எடை நினைவில்லை, படத்தில் உள்ள ஆரம்" என்று எழுதலாம். அது அவள் சொல்லுக்கு வலுவே சேர்க்கும்.

பணத்துக்கு வருகிறேன். நகை அவள் உடம்பில் ஏறியது. பணம் மாப்பிள்ளை வீட்டார் கையில் நேராகப் போனது. அதனால் அது ஸ்ரீதனம் அல்ல, வரதட்சணை என்று வாதம் வரும். கொடுத்ததும் குற்றம்தானே என்று மிரட்டலும் வரும். பல தந்தையர் அந்த மிரட்டலில் வாயடைத்துப் போகிறார்கள். வரதட்சணைத் தடைச் சட்டம் கொடுப்பதையும் குற்றம் ஆக்குகிறது, உண்மை. அதே சட்டத்தின் 7(3) பிரிவு, பாதிக்கப்பட்டவர் கொடுக்கும் வாக்குமூலத்தை வைத்து அவர் மேல் வழக்குப் போடுவதைத் தடுக்கிறது. 6-ஆம் பிரிவு, பெண்ணைத் தவிர வேறு யார் வரதட்சணை வாங்கினாலும் அது அவளுடைய நலனுக்காக வைத்திருக்கும் பொருள், மூன்று மாதத்துக்குள் அவளிடம் சேர்க்க வேண்டும் என்கிறது. மண்டப வாடகையும் சாப்பாட்டுச் செலவும் வேறு. அவை யாருக்கும் கொடுத்த பரிசு அல்ல. மாப்பிள்ளைக்குப் போட்ட மோதிரமும் அவருக்கு வந்த பரிசே. இவற்றையும் பட்டியலில் சேர்த்துத் தொகையை ஊதினால் வழக்கு மெலிகிறது.

வழக்கைப் போடுபவரும் பெண்ணாகவே இருக்க வேண்டும். 2024 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம், மகள் அதிகாரம் கொடுக்காத நிலையில் அவள் ஸ்ரீதனத்தைத் திரும்பக் கேட்கத் தந்தைக்கு உரிமை இல்லை என்று தீர்ப்பளித்தது. நான் போட்ட நகை என்று அப்பா சொல்லலாம். போட்ட கணத்தில் அது அவருடையது இல்லை.

எங்கே போவது? சித்தையா சாலையில் நியாய தேகுலா கட்டடத்தில் உள்ள குடும்ப நல நீதிமன்றம் ஒரு வழி. 2005-ஆம் ஆண்டுக் குடும்ப வன்முறைச் சட்டத்தின்படி மாஜிஸ்திரேட்டிடம் போவது இன்னொரு வழி. கல்யாணம் வேலூரில் நடந்திருந்தாலும், பெண் இப்போது தற்காலிகமாகப் பெங்களூரில் தங்கியிருந்தால் இங்கேயே மனுப் போடலாம். 19(8) பிரிவில் ஸ்ரீதனத்தைத் திருப்பித் தரச் சொல்லும் அதிகாரம் உண்டு. 18-ஆம் பிரிவில் லாக்கரைத் திறக்காதே, விற்காதே என்று தடுக்கும் அதிகாரம் உண்டு. நான் முதலில் கேட்பது அந்தத் தடையைத்தான். உருக்கிவிட்ட நகையைத் தேடுவதைவிட உருக்காமல் தடுப்பது எளிது. காலம் கடந்துவிட்டது என்ற எதிர்வாதத்துக்கு 2015 நவம்பரில் நீதிபதி தீபக் மிஸ்ரா அமர்வு பதில் சொல்லியிருக்கிறது: ஸ்ரீதனத்தைத் தராமல் வைத்திருக்கும் வரை குற்றம் தொடர்கிறது, நீதிமன்றப் பிரிவினை பெற்ற மனைவியும் கேட்கலாம். நம்பிக்கை மோசடிக்குக் காவல்துறைப் புகார் மூன்றாவது வழி. இப்போது அது பாரதிய நியாய சன்ஹிதாவின் 316-ஆம் பிரிவு, ஐந்தாண்டு வரை சிறை. ஆனால் சிறைத் தண்டனை நகையைக் கொண்டுவந்து கொடுக்காது.

சமரசத்தில் கையெழுத்திடும்போது கவனம் வேண்டும். ஜீவனாம்சத் தொகை வேறு, நகை வேறு. 2023-இல் கர்நாடக உயர் நீதிமன்றத்தில் நீதிபதி எம். நாகபிரசன்னா முன் வந்த வழக்கில், 4 லட்சம் ஜீவனாம்சம் கொடுத்தாகிவிட்டது, ஆகவே ஸ்ரீதனக் கோரிக்கை நில்லாது என்று கணவர் தரப்பு வாதிட்டது. திருமணம் ரத்தானாலும் ஸ்ரீதனத்தைக் கணவர் குடும்பம் வைத்துக்கொள்ள முடியாது என்று சொல்லி, வழக்கை ரத்து செய்ய நீதிபதி மறுத்தார். அந்த வாதம் எழவே இடமில்லாதபடி, உடன்படிக்கையில் நகைக்குத் தனிப் பத்தி எழுதுங்கள்.

கடைசியாக ஒரு கணக்கு. 89 பவுன் வழக்கில் 2011-இல் கிடைத்த 8,90,000 ரூபாய், பவுனுக்குப் பத்தாயிரம் வீதம் ஆகிறது. உச்ச நீதிமன்றம் 25 லட்சம் கொடுத்த 2024 ஏப்ரலில் பவுன் விலை ஐம்பதாயிரத்தைத் தாண்டியிருந்தது. 89 பவுனின் விலை 44 லட்சத்துக்கும் மேல். திருமணமாகி 21 ஆண்டுகளுக்குப் பின் வென்ற பெண்ணுக்குக் கிடைத்தது, அன்றைய விலையில் 50 பவுன்கூட இல்லை. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 20-ஆம் ஆணை, 10-ஆம் விதிப்படி, பொருளைத் திருப்பித் தரச் சொல்லும் தீர்ப்பாணையில், தர முடியாவிட்டால் எவ்வளவு பணம் என்பதும் இருக்க வேண்டும். மனுவை எழுதும் நம் இளம் வழக்கறிஞர்கள் மனுத் தேதி விலையைப் போட்டுவிட்டு அடுத்த பத்திக்குப் போய்விடுகிறார்கள். அப்படி எழுதாதீர்கள். முதலில் பட்டியலில் உள்ள நகையையே கேளுங்கள், எடையும் மாற்றும் சொல்லி. அது இல்லையென்றால், பணம் கைக்கு வரும் நாளில் அதே எடைத் தங்கத்துக்கு என்ன விலையோ அந்த விலையைக் கேளுங்கள்.